முள்ளெலிக்கு இரண்டு பென்னி

ஓவர் மார்டில் ஊராட்சிக்கு நான் எழுத்தர்.
ஆண்டுக்கு நானூறு பவுண்டு, தபால்தலைக்குத் தனி.
நூற்றுப் பன்னிரண்டு வாக்காளர்கள்,
ஒரு தேவாலயம், ஒரு மதுக்கடை,
செவ்வாயும் வெள்ளியும் வரும் பேருந்து.
வெள்ளிக்கிழமை வருவதில்லை.

தேவாலயப் பெட்டகத்துக்கு மூன்று பூட்டு.
ஒரு சாவி பாதிரியிடம்,
மற்ற இரண்டும் இரண்டு காவலர்களிடம்.
இந்த ஊர் தன்னை எவ்வளவு நம்பியது என்பதற்கு
வேறு ஆவணம் வேண்டாம்.

உள்ளே ஆட்டுத்தோல் அட்டை போட்ட கணக்கு.
1743, ஏப்ரல்.
முள்ளெலித் தலை ஏழு, தலைக்கு இரண்டு பென்னி.
குருவித் தலை மூன்று டஜன், ஆறு பென்னி.
மணிக்கயிறு, ஒரு ஷில்லிங் நான்கு.
வயிறு பெருத்த அந்நியப் பெண்ணொருத்தியை
ஓடைக்கு அப்பால் கொண்டுவிட
வண்டிக்கும் பீருக்கும், ஒன்பது பென்னி.

அதே மை, அதே சாய்ந்த கையெழுத்து.
பீர் அவளுக்கல்ல.

பிள்ளை எந்த ஊர் மண்ணில் விழுகிறதோ
அந்த ஊர் கஞ்சி ஊற்ற வேண்டும்,
அன்றைக்குச் சட்டம் அப்படி.
வலி கண்டவளை வண்டியில் தூக்கிப் போட்டார்கள்.
நெதர் மார்டில்காரர்கள் மட்டும் இளிச்சவாயர்களா?
வைக்கோல் கவைகளோடு எதிர்முனையில் நின்றார்கள்.
வண்டி முன்னேயும் போகவில்லை
பின்னேயும் வரவில்லை.
மழை வேறு.
பாலத்தின் நட்டநடுவில் பிறந்தாள்.

கெசியா ஹாஃப்பிரிட்ஜ்.
பாதிப்பாலம்.
ஞானஸ்நானத் தொட்டியருகே நின்று
பாதிரியார் யோசித்து வைத்த பெயர்.

பதினோரு ஆண்டு வழக்கு.
பிறக்கையில் தலை எந்தக் கரைப்பக்கம் என்று
நீதிபதி கேட்டார்.
மருத்துவச்சி ஜோன் டிபால்ட் சொன்னாள்:
தலை எங்கள் பக்கம் வந்தது ஐயா,
அழுகை அவர்கள் பக்கம் போனது.

முடிவு தெரியும்வரை
ஒரு வாரம் இங்கே, ஒரு வாரம் அங்கே.
சனிக்கிழமைதோறும் கிண்ணத்தைத் தூக்கிக்கொண்டு
பாலத்தைக் கடந்தாள்.
வக்கீல்களுக்குப் போனது அறுபத்து மூன்று பவுண்டு.
வகுத்துப் பார்த்தேன்:
அவளை முப்பத்திரண்டு வருடம் வளர்த்திருக்கலாம்.
தீர்ப்பு வந்த வாரம்
பதினான்கு மாடு கறந்துகொண்டிருந்தாள்.
இப்போது இரண்டு ஊரும்
எங்கள் பெண் என்றன.

சென்ற நவம்பர். ஊர்க்கூடம்.
ஹீட்டரில் தூசி கருகும் நாற்றம்.
பொருள் ஆறு: கோயில் வயலில் பன்னிரண்டு புது வீடு.
ஆம்புரோஸ் ஹாஃப்பிரிட்ஜ் எழுந்தார்.
வருகிறவர்கள் யாரென்று நமக்குத் தெரியாது,
எங்கள் குடும்பம்
இருநூற்று எண்பது ஆண்டாக இந்த மண்ணில், என்றார்.
நான் குறிப்பெடுத்தேன்.
மண்ணில் என்ற சொல்லில்
பேனா கொஞ்சம் நின்றது.

கூட்டம் கலைந்ததும் மதுக்கடையில் காட்டினேன்.
கண்ணாடி மாட்டிக்கொண்டார்.
விரல் முள்ளெலியைத் தாண்டி
குருவியைத் தாண்டி
ஒன்பது பென்னியில் வெகுநேரம் கிடந்தது.
திட்டுவார் என்றிருந்தேன்.
தலை எந்தப் பக்கம், என்றார்.
நம் பக்கம் என்கிறாள் ஜோன்.
ஆங், என்று
கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார்,
துடைத்ததையே மறுபடியும் துடைத்தார்.

பாலத்தின் கைப்பிடிக்கு
அவர்கள் பாதியில் பெயிண்ட் அடித்துவிட்டார்கள்.
நம் பாதி துரு. தீர்மானம் தோற்றுப்போனது.
இக்கரைக்கு அக்கரை பச்சை,
இங்கே அது வெறும் தகவல்.
வீட்டுக்குப் போகிற வழியில் பார்த்தேன்,
ஆம்புரோஸ் நிறம் மாறுகிற இடத்தில்
கையை வைத்துக்கொண்டு நின்றார்.
ஓடை என்னமோ ஒரே ஓடையாகத்தான் போனது.

டிசம்பர் கூட்டக் குறிப்பு.
பொருள் ஆறு: வீடுகள். ஆதரவு மூன்று, எதிர்ப்பு மூன்று.
திரு. ஹாஃப்பிரிட்ஜ் வாக்களிக்கவில்லை.
காரணம் கேட்கப்படவில்லை.
ஜனவரிக்கு ஒத்திவைப்பு.

பொருள் ஏழு: பாலத்தருகே
முள்ளெலிகள் கடக்கும் இடம், மெதுவாகச் செல்க
என்றொரு பலகை.
நூற்றுப்பத்து பவுண்டு.
ஏகமனதாக நிறைவேறியது.